வேலை

இன்று 'வேலை' என்றால் பணிதான் நினைவுக்கு வரும். பழைய இலக்கியத்திலோ அது கடல், கடற்கரை. வடமொழி 'வேலா'வுக்கு எல்லை, கரை, கடலின் ஏற்றவற்றம், காலம் எனப் பல பொருள். நாம் பொழுதைக் குறிக்கச் சொல்லும் 'வேளை'யும் அதன் வழி வந்ததே. ஆங்கிலத்தில் ஓதத்தைக் குறிக்கும் 'டைட்' என்ற சொல்லும் முதலில் காலத்தையே குறித்தது. கடலோரத்து மனிதனுக்கு நீர்தான் கடிகாரம்; ஓதம் நாளுக்குச் சுமார் 50 நிமிடம் தள்ளிப்போகும் என்பதை அவன் கால் ஈரத்திலேயே அறிவான்.

இராமநாதபுரம் மாவட்டத்துத் தேவிபட்டினத்தில் நவகிரகங்களாக வணங்கப்படும் ஒன்பது கற்கள் கடலுக்குள்ளேயே நிற்கின்றன. நீர் ஏறினால் கல் அமிழும், வடிந்தால் பாசி படிந்த தலை தெரியும். காலத்தை ஆள்வதாக நம்பப்படும் கோள்களை அலை நனைக்கும் அந்த இடத்தில் வேலையும் வேளையும் ஒரே சொல்தான். அங்கே போனால் சற்று நேரம் நின்று நீரைப் பாருங்கள்.