பதினோரு நாள் வேல்யூ டேட்

லக்னோவுக்கு மாற்றலாகி வந்த புதிதில், கடன் கேட்டிருந்த ஒரு அரிசி மில்லைப் பார்க்க ரேபரேலி போயிருந்தேன். சுமார் எண்பது கிலோமீட்டர்தான். ஊர்ப் பெயர்ப் பலகையைப் பார்த்ததும் மில் மறந்து போய், அப்பா சொல்லும் தேர்தல் வழக்குதான் ஞாபகத்துக்கு வந்தது. ஆனால் அவர் சொன்ன கதையில் முக்கியமான ஒன்று விட்டுப்போயிருந்தது. (நான் வெறும் பி.காம். வக்கீல் நண்பர்கள் மன்னிக்கவும்.)

1971 மார்ச்சில் ரேபரேலியில் இந்திரா காந்திக்கு 1,83,309 ஓட்டு. எதிர்த்து நின்ற ராஜ் நாராயணுக்கு 71,499. இத்தனை பெரிய தோல்விக்குப் பிறகும் மனிதர் ஏப்ரல் 24-ஆம் தேதி அலகாபாத் ஹைகோர்ட்டில் மனு போட்டார். முடிவு வந்து 45 நாளுக்குள் போட்டாக வேண்டும். ஆறு மாதத்தில் விசாரித்து முடிக்கப் பார்க்க வேண்டும் என்றும் சட்டத்தில் இருக்கிறது. இந்த வழக்கு நாலு வருஷம் இழுத்தது!

அப்பா ரசித்துச் சொல்வதெல்லாம் வாக்காளர்களுக்குக் கம்பளி, வேட்டி, சாராயம் கொடுத்தது, பசுவும் கன்றும் மதச் சின்னம் என்றது, 35,000 ரூபாய் செலவு வரம்பைத் தாண்டியது ஆகிய புகார்களைத்தான். அவற்றில் ஒன்றுகூடக் கோர்ட்டில் நிற்கவில்லை. நின்றவை இரண்டு. பிரச்சார மேடை போடவும் ஒலிபெருக்கிக்கு மின்சாரம் கொடுக்கவும் உ.பி. அரசு அதிகாரிகளைப் பயன்படுத்தியது ஒன்று. இன்னொன்று யஷ்பால் கபூர் விவகாரம்.

கபூர் பிரதமர் அலுவலகத்தில் கெஜட்டட் அதிகாரி. பிறகு இந்திராவின் தேர்தல் ஏஜெண்ட். 1971 ஜனவரி 13-ஆம் தேதியிட்டு ராஜினாமா எழுதினார். ஏற்றுக்கொண்ட அறிவிப்பு வந்தது ஜனவரி 25. ஆனால் அதில் '14-ஆம் தேதியிலிருந்து அமலுக்கு வருகிறது' என்று இருந்தது. வங்கிக்காரர்களுக்கு உடனே புரியும். என்ட்ரி இன்றைக்கு, வேல்யூ டேட் பதினோரு நாள் முன்னால்! வாய்மொழியாக அப்போதே ஏற்றுக்கொண்டதாக பி.என். ஹக்சர் சாட்சி சொன்னார். நீதிபதி ஜக்மோகன் லால் சின்ஹா ஒப்புக்கொள்ளவில்லை. ஜனவரி 7 முதல் 24 வரை கபூர் அரசு ஊழியராக இருந்துகொண்டே ரேபரேலியில் தேர்தல் வேலை பார்த்தார் என்பது அவர் முடிவு.

1975 மார்ச்சில் இந்திராவே நேரில் வந்து சாட்சி சொன்னார். நீதிபதி வரும்போது மட்டும்தான் எழுந்திருக்க வேண்டும், வேறு யாருக்கும் எழக்கூடாது என்று சின்ஹா முன்கூட்டியே சொல்லிவிட்டாராம். ஜூன் 12 தீர்ப்பு: தேர்தல் செல்லாது, ஆறு வருஷத் தடை. ஜூன் 24 அன்று சுப்ரீம் கோர்ட்டில் நம்ம பாலக்காட்டு வி.ஆர். கிருஷ்ணய்யர், பதவியில் தொடரலாம், ஆனால் எம்.பி.யாக ஓட்டுப் போடக் கூடாது என்று நிபந்தனையோடு தடை கொடுத்தார். மறுநாள் ராத்திரி எமர்ஜென்சி. இது எல்லோருக்கும் தெரிந்த கதை.

அப்பா சொல்லாமல் விட்டது இதற்குப் பிறகு நடந்தது. அதே ஆகஸ்டில் தேர்தல் சட்டத்தையே திருத்தினார்கள். ராஜினாமா எந்தத் தேதியிலிருந்து என்று கெஜட்டில் போட்டிருக்கிறதோ, அதுவே முடிந்த முடிவான சாட்சி! அதிகாரிகள் கடமையாகச் செய்த ஏற்பாடுகள் உதவி ஆகாது. மனுத்தாக்கலுக்கு முன்னால் ஒருவர் வேட்பாளரே இல்லை. மூன்றும் அந்தத் தீர்ப்பின் மூன்று ஓட்டைகளுக்கு அளவெடுத்துத் தைத்தவை. போதாதென்று, நடந்து முடிந்த தேர்தலுக்கும் பொருந்தும் என்று வைத்தார்கள். பிரதமர் தேர்தலைக் கோர்ட்டே தொடக்கூடாது என்ற 39-ஆவது அரசியல் சட்டத் திருத்தப் பகுதியை நவம்பர் 7-ஆம் தேதி சுப்ரீம் கோர்ட் தூக்கி எறிந்தது. ஆனால் தேர்தல் சட்டத் திருத்தத்தை ஏற்று, இந்திராவின் வெற்றி செல்லும் என்றது.

எனக்கு இது ஏன் உறைத்தது என்றால், முன்பு நான் மேனேஜராக இருந்த ஒரு கிளையில், உள்ளாட்சித் தேர்தலில் நிற்க ஆசைப்பட்ட ஒரு கிளார்க் ராஜினாமாவோடு வந்தார். "இன்வேர்ட் முத்திரையை மட்டும் பத்து நாள் முன்னாடி தள்ளிக் குத்துங்க சார், யாருக்கு என்ன நஷ்டம்?" என்றார். முத்திரையின் தேதிச் சக்கரத்தைத் திருப்ப இரண்டு வினாடி போதும். நல்ல மனிதர், என் பெண்ணுக்கு ஸ்கூல் அட்மிஷனுக்கு அலைந்தவர். அன்றைய தேதியைத்தான் குத்தினேன். அவர் தேர்தலில் நிற்க முடியவில்லை. அதற்கப்புறம் என் வீட்டுப் பக்கமும் வரவில்லை.

1977-ல் ரேபரேலியில் ராஜ் நாராயண் 55,202 ஓட்டு வித்தியாசத்தில் ஜெயித்தார். அப்பாவிடம் போனில் இந்தப் பதினோரு நாள் கணக்கைச் சொன்னேன். "கம்பளி விஷயம் பொய்யாடா?" என்று அதிலேயே நின்றார். அரிசி மில் என்ன ஆச்சு என்கிறீர்களா? அது இன்னொரு நாள்.