காவிரி வழக்கைத் திரும்பப் பெற்றமை

போத்தனூரை அடுத்துள்ள குறிச்சிக் குளம் நொய்யலாற்று நீரைப் பெறுவது. அந் நொய்யல் கிழக்கே ஓடிக் காவிரியொடு கலக்கின்றது. 18-2-1924-இல் சென்னை, மைசூர் அரசுகள் செய்துகொண்ட காவிரி உடன்படிக்கை இச் சிற்றாற்றையும் விட்டுவைக்கவில்லை. பவானி, அமராவதி, நொய்யல் ஆகியவற்றில் சென்னை அரசு புதிய நீர்த்தேக்கம் கட்டுமாயின், அதன் கொள்ளளவில் நூற்றுக்கு 60 பங்கிற்கு மிகாத தேக்கத்தை மைசூர் தன் எல்லையில் ஈடாகக் கட்டிக்கொள்ளலாம் என்று அது கூறும். ஆதலின் காவிரி வழக்கு தஞ்சைக்கே உரியது என்னும் பொதுக்கருத்துப் பொருந்தாது. கொங்கு நாட்டிற்கும் அதில் பங்குண்டு.

அவ் வழக்கின் வரலாற்றில் 1971, 1972 ஆகிய ஈராண்டுகள் தனித்து ஆராயத்தக்கன. தமிழ்நாட்டரசு அரசியலமைப்பின் 131ஆம் உறுப்பின்கீழ் 1971-இல் உச்ச நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்தது. நடுவர் மன்றம் அமைக்கப்பெறல் வேண்டும் என்று அதில் வேண்டியது. பேச்சுவார்த்தையால் தீர்வு காணலாம் என்னும் நம்பிக்கையில் 1972-இல் அதனைத் திரும்பப் பெற்றது. மாநிலத்தின் உரிமையே அன்று கைவிடப்பட்டது என்று அரசியல் மேடைகளில் கூறுவதுண்டு. அக் கூற்றுச் சட்டத்தொடு ஒத்து நோக்கத்தக்கது.

வழக்கைத் திரும்பப் பெறுதல் வேறு. உரிமையைத் துறத்தல் வேறு. மீண்டும் வழக்கிடும் உரிமையை நிறுத்திக்கொண்டு, நீதிமன்றத்தின் இசைவொடு திரும்பப் பெற்றாலன்றி, அதே பொருள் பற்றிப் புதுவழக்குத் தொடுத்தல் இயலாது என்பது 1908ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 23ஆம் கட்டளை தரும் விதி. சர்குஜா போக்குவரத்து நிறுவன வழக்கில் (1986) உச்ச நீதிமன்றம் இவ் விதியின் கொள்கையை உயர் நீதிமன்றப் பேராணை மனுக்களுக்கும் விரித்தது; ஆயினும், உரிமையியல் வழக்கு முதலிய பிற வழிகள் அதனால் அடைபடா என்றும் தெளிவுறுத்தியது.

காவிரியைப் பொறுத்தவரை அப் பிற வழியாக நின்றது 1956ஆம் ஆண்டின் மாநிலங்களுக்கிடையிலான ஆற்றுநீர்த் தகராறுச் சட்டம். பேச்சால் தீராத தகராறு என மைய அரசு கருதின், மாநிலத்தின் முறையீட்டின்மேல் நடுவர் மன்றம் அமைத்தல் அச் சட்டப்படி அதன் கடமையாகும். 1986 சூலைத் திங்களில் தமிழ்நாடு முறைப்படி அவ்வாறு முறையிட்டது. அதற்கு முன்னரே, 1983-இல், காவிரிப் பாசன உழவர் சங்கமொன்று உச்ச நீதிமன்றத்தை அணுகியிருந்தது. தானே தொடுத்த வழக்கைத் திரும்பப் பெற்ற அரசு, உழவர் மனுவை எவ்வகைத் தயக்கமுமின்றி ஆதரித்தது. மனுதாரர்க்கு வழக்கிடும் தகுதியுண்டா என்னும் ஐயத்தை நீக்குதற்கு இவ் ஆதரவு துணைநின்றது. 4-5-1990-இல் தீர்ப்பு வந்தது. 2-6-1990-இல் நடுவர் மன்றம் அமைந்தது. 1972-இன் செயல் இதற்குத் தடையாகவில்லை.

உரிமை அழியவில்லையாயினும் 18 ஆண்டுகள் கழிந்தன. அவ் இடைவெளியில் கருநாடகத்தில் கபினி, ஏரங்கி, ஏமாவதி அணைகள் நிறைவுற்றன. பாசனப் பரப்பும் பெருகியது. 25-6-1991-இல் இடைக்கால ஆணை வழங்கிய நடுவர் மன்றம், அம் மாநிலம் அப்போதிருந்த 11.2 இலட்சம் ஏக்கருக்கு மேல் பாசனத்தைப் பெருக்கலாகாது என்றது. அதுவரை பெருகியது அவ் எண்ணுக்குள் அடங்கிவிட்டது.