திருப்பத்தூர் வட்டார மக்கள்தொகை வரலாறு: நூல்களும் பதிவுகளும்

வேலூர், ஆம்பூர், வாணியம்பாடி, திருப்பத்தூர் என நீளும் தோல் பதனிடும் வட்டாரத்தின் மக்கள்தொகை வரலாறு மாவட்டக் கையேடுகள், குடிமதிப்பு அறிக்கைகள், ஆய்வு நூல்கள் ஆகியவற்றில் சிதறிக் கிடக்கிறது. (சிவகங்கை மாவட்டத்துத் திருப்பத்தூர் வேறு.) இவற்றைப் படிப்போர் முதலில் அறிய வேண்டியது ஒன்று உண்டு. 1911 வரை திருப்பத்தூர் தாலுகாவும் அதிலிருந்த வாணியம்பாடியும் சேலம் மாவட்டத்தில் இருந்தன. ஆம்பூர் வட ஆர்க்காடு மாவட்டத்தின் வேலூர் தாலுகாவில் இருந்தது. பாலாற்றங்கரையில் அடுத்தடுத்து அமைந்த, ஒரே தொழிலால் பிழைத்த இரண்டு ஊர்களின் கணக்கு இரண்டு மாவட்டங்களின் நூல்களில் பிரிந்துபோனது. இரண்டையும் பக்கத்தில் வைத்துப் படித்தால்தான் வட்டாரத்தின் கதை துலங்கும்.

தொடக்கப் பதிவுகள். 1792-ல் திப்பு சுல்தானிடமிருந்து கிழக்கிந்தியக் கும்பெனியின் கைக்கு வந்த பாராமகால் பகுதியைக் கேப்டன் அலெக்சாண்டர் ரீடு திருப்பத்தூரில் தங்கி நிர்வகித்தார். தாமஸ் மன்றோ, மெக்ளியோடு, கிரகாம் ஆகியோர் அவருக்கு உதவியாளர்கள். நிலத்தை அளந்து வரி விதிக்கும் வேலையோடு குடிகள், சாதிகள், வழக்கங்கள் பற்றிய குறிப்புகளும் திரண்டன. நூறாண்டுக்கு மேல் கையெழுத்துப் படியாகவே கிடந்த இவற்றைச் சென்னை அரசு அச்சகம் ‘பாராமகால் ஆவணங்கள்’ என்ற வரிசையாக வெளியிட்டது. குடிகளைப் பற்றிய பகுதி 1907-ல் வந்தது. வரிக்காக எடுத்த கணக்கு என்பதால் தலைகளின் எண்ணிக்கைக்கு இது எவ்வளவு நம்பத்தக்கது என்பதில் ஆய்வாளரிடையே ஒருமித்த கருத்து இல்லை. 1850-களிலும் 1860-களிலும் ஐந்தாண்டுக்கு ஒருமுறை எடுக்கப்பட்ட கணக்குகளுக்கும் இதே ஐயம் பொருந்தும்.

1871 முதல் 1895 வரை. வட்டாரத்தின் வரலாற்றில் மிகச் செறிவாகப் பதிவான காலம் இதுவே. சென்னை மாகாணத்தின் 1871 குடிமதிப்பை நடத்தி அறிக்கை எழுதியவர் மருத்துவர் டபிள்யூ. ஆர். கார்னிஷ். ஊர்க் கணக்குப்பிள்ளைகளே பெரும்பாலும் கணக்கெடுத்தார்கள். ஐந்தாண்டுக்குள் தாது வருஷப் பஞ்சம் வந்தது (1876–78). நிவாரண வேலைக்கு வந்தவருக்கு நாளொன்றுக்கு ஒரு பவுண்டு தானியத்தை அடிப்படையாகக் கொண்ட கூலி போதும் என்று இந்திய அரசு அனுப்பிய சர் ரிச்சர்ட் டெம்பிள் விதித்தபோது, மாகாணச் சுகாதார ஆணையராக இருந்த கார்னிஷ் அதைக் கடுமையாக எதிர்த்து எழுதினார். அமைதிக் காலத்தில் மக்களை எண்ணியவரே, அவர்கள் மெலிந்து சாவதையும் எண்ண நேர்ந்தது. அவருடைய குறிப்புகள் அக்கால அரசுத் தாள்களில் தனித்து நிற்பதற்கு இதுவும் காரணமாகலாம்.

1871-ல் ஏறத்தாழ 19.67 லட்சமாக இருந்த சேலம் மாவட்டத்தின் மக்கள்தொகை 1881-ல் 16 லட்சமாக இறங்கியது. வட ஆர்க்காட்டில் 20.15 லட்சம் 18.18 லட்சமாயிற்று. முன்னதில் ஐந்தில் ஒரு பங்குக்குச் சற்றுக் குறைவு. பின்னதில் பத்தில் ஒரு பங்கு. இந்த இழப்பில் சாவு எவ்வளவு, பிறக்காமல் போன குழந்தைகள் எவ்வளவு, இலங்கைக்கும் மொரீஷியசுக்கும் பிற இடங்களுக்கும் போனவர்கள் எவ்வளவு என்பது இன்றும் விவாதத்துக்குரியது. 1871 கணக்கே குறைவாக எடுக்கப்பட்டது என்போரும் உண்டு. அப்படியானால் உண்மையான இழப்பு இன்னும் பெரிது.

1881-இன் வயது அட்டவணை நின்று நிதானித்துப் படிக்கத் தக்கது. பஞ்ச ஆண்டுகளில் பிறந்த பிள்ளைகளின் வரிசை மெலிந்து கிடக்கிறது. பெரியவர்களிலோ இருபது, முப்பது, நாற்பது வயதினர் குவிந்திருக்க, இடைப்பட்ட வயதுகளில் ஆட்களே குறைவு. பிறந்த தேதி தெரியாதவர்கள் முழு எண்ணாகச் சொன்னதை எழுத்தர் அப்படியே பதிந்ததன் தடம் இது. பஞ்சத்தில் மாடுகள் மடிந்ததால் தோல் ஏற்றுமதி பெருகியதையும் இதே காலத்துப் பதிவுகளில் காணலாம்.

லெ ஃபானு எழுதிய சேலம் மாவட்டக் கையேடு 1883-ல் வந்தது. வட ஆர்க்காட்டுக் கையேட்டை ஆர்தர் காக்ஸ் 1881-ல் எழுத, எச். ஏ. ஸ்டூவர்ட் திருத்தி 1890-களின் நடுவில் மறுபதிப்பாக்கினார். 1891 குடிமதிப்பை நடத்தியவரும் ஸ்டூவர்ட்டே. மக்களின் மொழி பற்றியும் விவாதம் உண்டு: இவ்வட்டார லெப்பை முஸ்லிம்களில் பலர் உருது பேசுவதன் தோற்றம் பற்றிக் கருத்துகள் வேறுபடுகின்றன. ஆர்க்காட்டு நவாப் ஆட்சியின் செல்வாக்கு என்பர் சிலர். வெவ்வேறு குடியேற்றங்கள் கலந்ததன் விளைவு என்பர் வேறு சிலர்.

இருபதாம் நூற்றாண்டு. ஆல்ஃபிரட் சாட்டர்டன் 1904-ல் எழுதிய தோல் தொழில் நூல் மக்கள்தொகை நூல் அன்று. ஆனால் ஆவாரம்பட்டை கொண்டு பதனிடும் முறையையும் அதைச் செய்தவர்களையும் அறிய உதவும். 1911-ல் சித்தூர் மாவட்டம் உருவானபோது திருப்பத்தூர் வட ஆர்க்காட்டில் சேர்ந்தது. அதனால் 1901-க்கும் 1911-க்கும் இடையே மாவட்ட எண்களை நேராக ஒப்பிடக் கூடாது. தாலுகா எண்களையே கொள்ள வேண்டும். 1918-இன் விஷக்காய்ச்சல் 1911–21 பத்தாண்டின் வளர்ச்சியை ஒடுக்கியது. கோலார் தங்கவயலுக்கு வட ஆர்க்காட்டிலிருந்து தொழிலாளர்கள், பெரும்பாலும் ஆதிதிராவிடர்கள், சென்ற கதையை ஜானகி நாயரின் 1998 நூலில் படிக்கலாம்.

நிலமும் சாதியும் பற்றிய தர்மா குமாரின் 1965 நூல் பழைய கணக்குகளை ஆராய்ச்சிக்குக் கொண்டுவந்தது. 1871 முதல் 1981 வரையிலான தமிழக மக்கள்தொகை பற்றிக் கிறிஸ்தோஃப் கில்மோட்டோ பிரெஞ்சில் எழுதிய நூல் 1992-ல் வெளியானது; மாவட்ட எல்லை மாற்றங்களைக் கணக்கில் கொள்ள விரும்புவோருக்கு இதுவே நல்ல தொடக்கம். 1970-களில் கேம்பிரிட்ஜ், சென்னைப் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் வட ஆர்க்காட்டுக் கிராமங்களை ஆராய்ந்தனர். அவர்கள் நெல் விளையும் ஊர்களை நாடியதால் தோல் பதனிடும் நகரங்கள் அவர்களின் நூல்களில் பெரிதும் இடம்பெறவில்லை.

அண்மைக் காலம். வட ஆர்க்காடு 1989-ல் பிரிந்தது. 2011-ல் ஆம்பூர் நகரில் 1,14,608 பேரும் வாணியம்பாடி நகரில் 95,061 பேரும் இருந்தனர். 2019 நவம்பர் 28-ல் திருப்பத்தூர் தனி மாவட்டமாயிற்று. அதன் மக்கள்தொகையாகச் சொல்லப்படும் சுமார் 11.1 லட்சம், பழைய வேலூர் மாவட்டத்தின் 2011 தாலுகாக் கணக்கிலிருந்து தொகுத்தது. 2021 கணக்கெடுப்பு தள்ளிப்போனதால், திருப்பத்தூர் என்ற பெயரில் ஒரு மாவட்டமாக எண்ணப்படும் முதல் கணக்கெடுப்பு 2027-க்கு அறிவிக்கப்பட்டிருப்பதே.