கல்லமேட்டு ராட்சசன்

டைனோசர் என்றவுடன் எல்லோருக்கும் ஞாபகம் வருவது 1993-இல் வந்த ஜுராசிக் பார்க் படமும் அதில் கர்ஜிக்கும் டி-ரெக்ஸும்தான். அதையெல்லாம் காலடியில் போட்டு நசுக்கும் அளவுக்கு ஒரு ராட்சசன் நம்ம தமிழ்நாட்டில் நடமாடியிருக்கிறான் என்பது பலருக்குத் தெரியாது. திருப்பூரில் பஸ் ஏறினால் திருச்சி வழியாக ஒரு பகலுக்குள் போய்ச் சேரக்கூடிய அரியலூர் பக்கம்தான் அவன் ஊர். கங்கைகொண்ட சோழபுரம் கோயிலைப் பார்க்க அந்த மாவட்டத்துக்குப் போகிறவர்கள் இவனைப் பற்றிக் கேள்விப்படாமலேயே திரும்பி வந்துவிடுகிறார்கள்.

பெயர் பிருகத்காயோசரஸ். வாயில் நுழையவில்லையா? பிருகத்காயம் என்றால் வடமொழியில் பெரிய உடம்பு. சரஸ் என்றால் கிரேக்க மொழியில் பல்லி. பெரிய உடம்புப் பல்லி, அவ்வளவுதான்!

அரியலூர் ஒரு காலத்தில் கடல். இன்று அங்கே வரிசையாக நிற்கும் சிமெண்ட் ஆலைகள் வெட்டியெடுக்கும் சுண்ணாம்புக்கல் அந்தக் கடல் விட்டுப்போனதுதான். சிப்பிகளும், நத்தை மாதிரி சுருண்ட அம்மோனைட்டுகளும் அங்கே ஏராளமாகக் கிடைக்கும். கடல் பின்வாங்கிய பிறகு ஆறுகள் மணலும் களிமண்ணும் கொண்டுவந்து கொட்டிய இடம் கல்லமேடு. அந்தப் படிவுகளின் வயது சுமார் 7 கோடி ஆண்டுகள். அப்போது இந்தியா ஆசியாவோடு ஒட்டவில்லை, தனித்தீவாக வடக்கே நகர்ந்துகொண்டிருந்தது.

இந்தப் பகுதி டைனோசர்களைப் பற்றி 1929-லேயே கட்டுரை எழுதியவர் சார்லஸ் மேட்லி என்ற ஆங்கிலேயர். பல வருடங்கள் கழித்து இந்திய புவியியல் ஆய்வுத்துறையைச் சேர்ந்த யாதகிரி, அய்யாசாமி இருவரும் கல்லமேட்டில் கிடைத்த எலும்புகளை வைத்து 1987-இல் புதிய விலங்கு ஒன்றை அறிவித்தார்கள். மேட்லியின் நினைவாக முழுப்பெயர் பிருகத்காயோசரஸ் மேட்லியி. கிடைத்தவை இடுப்பெலும்பு, தொடையெலும்பின் ஒரு பகுதி, கீழ்க்கால் எலும்பு, முன்னங்கால் எலும்பு ஒன்று, ஒரு வால் முள்ளெலும்பு.

அந்தக் கீழ்க்கால் எலும்பு மட்டும் 2 மீட்டர்! முழங்காலுக்குக் கீழே உள்ள ஒரே எலும்பு ஒரு ஆளை விட உயரம். முதல் கட்டுரையில் இதை மாமிசம் தின்னும் டைனோசர் என்று எழுதிவிட்டார்கள். அது மட்டும் உண்மையாக இருந்திருந்தால் டி-ரெக்ஸ் எல்லாம் கோழிக்குஞ்சு :) பின்னால் வந்த ஆய்வாளர்கள் அதைத் திருத்தினார்கள். இது நீண்ட கழுத்தும் நீண்ட வாலும் கொண்டு இலைதழை தின்ற டைட்டனோசர் வகை.

எடை எவ்வளவு? இங்கே கொஞ்சம் கணக்கு. அர்ஜென்டினாவில் கிடைத்த பிரபலமான ஆர்ஜென்டினோசரஸின் கீழ்க்கால் எலும்பு ஒன்று 1.55 மீட்டர். நம்மவனுடையது 1.29 மடங்கு நீளம். உடம்பு நீளத்தில் மட்டும் வளராது, அகலத்திலும் உயரத்திலும் சேர்ந்து வளரும். ஆகவே 1.29-ஐ மூன்று முறை பெருக்க வேண்டும். கிட்டத்தட்ட 2.15 மடங்கு வருகிறது. அது 70 டன் என்றால் இது 150 டன்! 2023-இல் கிரிகரி பால், லாரமெண்டி என்ற இரு ஆய்வாளர்கள் 110 முதல் 170 டன் வரை என்று கணித்து, 110-130 டன்னே அதிக சாத்தியம் என்றார்கள். குறைந்தபட்சத்தை எடுத்தாலும், தூத்துக்குடி துறைமுகத்துக்குப் போகும் 40 அடி கன்டெய்னரில் முழு பாரம் ஏற்றினால் 30 டன் என்கிறபோது, நாலு கன்டெய்னர் நடந்து வருவது மாதிரி. நீலத்திமிங்கிலத்தோடு போட்டி போடும் எடை. ஆனால் திமிங்கிலத்தைத் தண்ணீர் தாங்குகிறது, இவன் நாலு காலில் நின்றிருக்கிறான்.

இவ்வளவு பெரியவன் ஏன் பாடப்புத்தகத்தில் இல்லை? சோகமே அங்குதான். அந்த எலும்புகள் இன்று இல்லை. தொட்டால் உதிரும் நிலையில்தான் அவை கிடைத்தன. பாதுகாப்புக்காகப் போட்ட பிளாஸ்டர் கட்டுக்குள்ளேயே நொறுங்க ஆரம்பித்துவிட்டன. எலும்புகள் அழிந்துவிட்டன என்று 2017-இல் எழுத்துப்பூர்வமாகவே வெளிவந்தது. 1987 கட்டுரையில் இருந்ததோ வெறும் கோட்டோவியங்கள். ஆதாரம் இல்லாத உரிமைகோரலை யார் நம்புவார்கள்? வவுச்சர் தொலைந்த செலவுக் கணக்கை ஆடிட்டர் பார்ப்பது போலத்தான் உலகம் பார்த்தது. அது எலும்பே இல்லை, கல்லாக மாறிய மரம் என்றுகூட சிலர் சொன்னார்கள். அதையும் குறை சொல்ல முடியாது. பக்கத்து பெரம்பலூர் மாவட்டத்தில் சாத்தனூரில் 18 மீட்டர் நீளக் கல்மரமே கிடக்கிறதே!

2022-இல்தான் திருப்பம். அய்யாசாமியும் பால் என்ற இன்னொரு ஆய்வாளரும் எழுதிய கட்டுரையில், தோண்டிய இடத்தில் எடுத்த பழைய புகைப்படங்கள் வெளிவந்தன. மரம் இல்லை, எலும்புதான் என்ற வாதத்துக்கு அப்போதுதான் பலம் கிடைத்தது. 35 வருடம் தாமதம். அந்தப் படங்களை 1987-லேயே போட்டிருந்தால் பாதி சண்டை நடந்தே இருக்காது.

தெலங்கானாப் பகுதியில் கிடைத்த பாராபாசரஸ் என்ற இன்னொரு பெரிய டைனோசரின் எலும்புக்கூடு கொல்கத்தாவில் இந்தியப் புள்ளியியல் நிறுவன அருங்காட்சியகத்தில் நிமிர்ந்து நிற்கிறது. அதைவிடப் பெரிய நம்ம ஆளுக்கு மிச்சம் சில ஓவியங்களும் புகைப்படங்களும் மட்டுமே. இன்னொரு எலும்பு கிடைத்தால்தான் 110-ஆ 170-ஆ என்ற கேள்விக்குப் பதில். அதற்குக் கல்லமேட்டிலேயே மறுபடி தோண்டிப் பார்க்க வேண்டும்.