சாக்கடை உச்ச நீதிமன்றம் போன கதை



"பெரம்பலூருக்கு ரயில் வேண்டும், அரசு மருத்துவக் கல்லூரி வேண்டும் என்று கோர்ட்டில் கேஸ் போட்டால் என்ன சார்?" என்று சிலர் கேட்டிருந்தீர்கள். நல்ல கேள்வி. இதற்குக் கொஞ்சம் வரலாறு தெரிய வேண்டும்.

மத்தியப் பிரதேசத்தில் ரத்லம் என்றொரு ஊர். அங்கே ஒரு பகுதியில் திறந்த சாக்கடை, ஆலைக் கழிவு, கழிப்பிடம் இல்லாத ஏழைகள். நாற்றத்தில் குடியிருக்க முடியவில்லை. மக்கள் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 133-ஆம் பிரிவில் மாஜிஸ்திரேட்டிடம் மனு கொடுத்தார்கள். சாக்கடையைச் சரிசெய்யும்படி அவர் நகராட்சிக்கு உத்தரவிட்டார். "எங்களிடம் பணமில்லை" என்று நகராட்சி உச்ச நீதிமன்றம் வரை போனது. 1980-இல் நீதிபதிகள் வி.ஆர். கிருஷ்ணய்யரும் சின்னப்ப ரெட்டியும் அந்தச் சாக்கை ஏற்கவில்லை. 6 மாதத்துக்குள் ஆண்களுக்கும் பெண்களுக்கும் தனித்தனிக் கழிப்பிடம் கட்டச் சொன்னார்கள். ஒரு தெருச் சாக்கடை சட்டப் புத்தகத்தில் இடம்பிடித்தது இப்படித்தான்.

அடுத்தது இமாச்சலப் பிரதேசம். பாதியில் நின்ற மலைச் சாலைக்காக, பெரும்பாலும் தாழ்த்தப்பட்ட மக்கள் வாழும் கிராமத்தார் உயர் நீதிமன்றத்துக்கு ஒரு கடிதம்தான் எழுதினார்கள். அதையே மனுவாக எடுத்துக்கொண்டது நீதிமன்றம். 1986-இல் உச்ச நீதிமன்றம், மலைவாழ் மக்களுக்குச் சாலை என்பது 21-ஆம் பிரிவு தரும் வாழ்வுரிமையில் சேர்ந்தது என்றது. கூடவே, எந்த வேலைக்கு எவ்வளவு பணம் என்று முடிவுசெய்வது அரசின் வேலை என்பதையும் மறக்கவில்லை. இந்த இரண்டாவது பாதியைத்தான் நாம் மறந்துவிடுகிறோம்.

நம் தமிழ்நாட்டு உதாரணம் மதுரை எய்ம்ஸ். 2015 பட்ஜெட்டில் தமிழ்நாட்டுக்கு எய்ம்ஸ் என்று அறிவித்தார்கள். எந்த ஊர் என்று முடிவாகாமலே ஆண்டுகள் ஓடின. மதுரைக் கிளையில் பொதுநல வழக்குகள் வந்தன. 2018-இல் தோப்பூர் என்று அறிவிப்பு, 2019 ஜனவரியில் அடிக்கல். 2022-இல் முதல் 50 மாணவர்கள் ராமநாதபுரத்தில் படிக்கத் தொடங்கினார்கள். கட்டுமானம் தொடங்கியது 2024-இல். 1,264 கோடி என்று சொன்ன மதிப்பீடு, புதிய பிரிவுகளும் சேர்ந்து 1,977 கோடி ஆனது. வழக்கு அரசைப் பதில் சொல்ல வைத்தது. ஆனால் செங்கல்லை நீதிமன்றம் அடுக்க முடியாது.

இனி நம் ஊர். 1995-இல் திருச்சியிலிருந்து பெரம்பலூர் மாவட்டம் பிரிந்தது. 2007-இல் அரியலூர் தனி மாவட்டமானது. அரியலூருக்கு 2022 ஜனவரியில் மருத்துவக் கல்லூரி திறந்தார்கள். பெரம்பலூர்க்காரர்கள் இன்றும் ரயில் ஏற அரியலூரோ திருச்சியோதான் போக வேண்டும். இன்னொன்று தெரியுமா? திருச்சி மாவட்டத்து வழக்குகள் மதுரைக் கிளைக்குப் போகும். நம் இரண்டு மாவட்டத்து வழக்குகளும் சென்னைக்குத்தான்.

ஆகவே வழக்கு என்பது கடைசிப் படி. எடுத்த எடுப்பில் நீதிமன்றம் போனால், "அதிகாரியிடம் கேட்டீர்களா?" என்பதுதான் முதல் கேள்வியாக இருக்கும். திங்கட்கிழமை குறைதீர் நாளில் கலெக்டரிடம் மனு கொடுத்து ரசீது வாங்குங்கள். 2005 தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டி, திட்டம் எந்த மேசையில் நிற்கிறது, எவ்வளவு பணம் ஒதுக்கினார்கள் என்று கேளுங்கள். 30 நாளில் பதில் தர வேண்டும். அரசு ஏற்கெனவே ஒப்புக்கொண்டு நிறுத்திய வேலை என்றால் அந்தப் பதிலே வழக்குக்கு முதுகெலும்பு. புதிதாக ஒரு ரயில் பாதை கேட்பது வேறு; அதற்கு எம்.பி.யையும் எம்.எல்.ஏ.வையும்தான் விடாமல் பிடிக்க வேண்டும்.

ரத்லம் மக்கள் பெரிய வக்கீலோடு தொடங்கவில்லை. ஒரு மனுவோடு தொடங்கினார்கள். உங்கள் தெருவில் பாதியில் நிற்கும் வேலை எது? அதற்கு ஒரு மனு எழுதுங்கள். எழுதித் திருத்தித் தர நான் இருக்கிறேன். சிவப்பு மை இன்னும் தீரவில்லை!