மான்தோவில் இருந்து மோமோ வரை: ஒரு பேர் நடந்து வந்த பாதை

இன்னைக்கு எபிசோட் ஒரு சாப்பாட்டைப் பத்தினது. அதைவிட முக்கியமா, அந்தச் சாப்பாட்டோட பேரைப் பத்தினது.

முதல்ல ஒரு புதிர். பெய்ஜிங்ல ஒரு கடைக்குப் போய் 'மான்தோ' வேணும்னு கேட்டா, ஆவியில வெந்த மெத்துன்னு ஒரு கோதுமை மாவு பன் கொடுப்பாங்க. பிச்சுப் பார்த்தா உள்ளே ஒண்ணுமே இருக்காது. பூரணம் வெச்சது வேணும்னா 'பாவ்ட்ஸ'ன்னு வேற பேர் சொல்லிக் கேக்கணும்.

இப்போ அந்த மான்தோங்கிற பேரை மட்டும் பிடிச்சுக்கிட்டு சீனாவைச் சுத்தி வாங்க. கொரியாவுல 'மண்டு', உள்ளே கறியோ டோஃபுவோ காயோ இருக்கும். ஜப்பான்ல 'மன்ஜூ', உள்ளே இனிப்புப் பயறு. உய்குர் மக்களோட 'மந்தா', உஸ்பெகிஸ்தானோட 'மந்தி', ஆப்கானிஸ்தானோட 'மந்து', துருக்கியோட 'மான்டி', இது எல்லாத்துக்குள்ளேயும் பூரணம் இருக்கு. நம்ம ஊர் அரபு ஹோட்டல்கள்ல கிடைக்கிற மந்தி சோறு வேற, அதுக்கும் இதுக்கும் சம்பந்தம் இல்லை. ஆக, பேர் போன இடத்துல எல்லாம் பூரணம் இருக்கு. அந்தப் பேருக்கு ரொம்பப் பழைய எழுத்துச் சான்று கிடைக்கிற சீனாவோட தலைநகர்ல மட்டும் பூரணத்தைக் காணோம். எங்கே போச்சு?

விடை எளிமையானதுதான். பழைய காலத்துல சீனாவுலயும் மான்தோக்குள்ளே பூரணம் இருந்துச்சு. நம்ம கொழுக்கட்டையை நினைச்சுப் பாருங்க. பிடி கொழுக்கட்டை, பூரணக் கொழுக்கட்டை, ரெண்டுக்கும் பொதுவா ஒரே பேர். மான்தோவும் அப்படித்தான் ரெண்டையும் குறிச்ச பேர். சோங் வம்ச காலத்துல, அதாவது 10-ஆம் நூற்றாண்டுக்குப் பிறகு, பாவ்ட்ஸங்கிற சொல் புழக்கத்துக்கு வருது. கொஞ்சம் கொஞ்சமா வட சீனாவுல பூரணம் வெச்சதுக்கு அந்தப் பேர் போயிடுச்சு, வெறும் பன்னுக்கு மான்தோ நின்னுடுச்சு. ஆனா ஷாங்காய் பக்கம் இன்னைக்கும் 'ஷெங்ஜியன் மான்தோ'ன்னா, அடியில மொறுமொறுன்னு வறுபட்டு, உள்ளே பன்றிக்கறி வெச்ச பன்தான். தலைநகர்ல அழிஞ்சுபோன பழைய அர்த்தம் அங்கே உயிரோட இருக்கு.

சரி, இந்தப் பேருக்கு என்ன அர்த்தம்? சீனாவுல எல்லாருக்கும் தெரிஞ்ச ஒரு கதை இருக்கு. மூன்று அரசுகள் காலத்து அமைச்சரும் தளபதியுமான ஜுகே லியாங், கி.பி. 225-ல தெற்குப் பழங்குடிகள் மேல படையெடுத்துப் போறார். ஜெயிச்சுட்டுத் திரும்பும்போது ஒரு ஆறு குறுக்கே நிக்குது. மனுஷத் தலையைப் பலி கொடுத்தாத்தான் ஆறு வழிவிடும்னு சொல்றாங்க. அவர் மறுத்துட்டு, மாவுக்குள்ளே கறியை வெச்சுத் தலை மாதிரி பிடிச்சு ஆத்துல போடச் சொல்றார். தெற்கு மக்களை வடக்கத்திக்காரங்க 'மான்'னு சொல்வாங்க. நாகரிகம் இல்லாத காட்டு மக்கள்ங்கிற இளக்காரம் அந்தச் சொல்லுக்குள்ளேயே இருக்கு. 'தோ'ன்னா தலை. மான்தோன்னா காட்டுமிராண்டியோட தலை!

கேக்க நல்லா இருக்கு. ஆனா இந்தக் கதையை எழுத்துல வெச்சவர் காவ் செங்ங்கிற சோங் காலத்து அறிஞர். அவர் 11-ஆம் நூற்றாண்டுக்காரர். சம்பவத்துக்கும் எழுத்துக்கும் நடுவுல சுமார் 800 வருஷம். அதுக்கு ரொம்ப முன்னாடியே, கி.பி. 300 வாக்குல, ஷூ ஷிங்கிற கவிஞர் மாவுப் பண்டங்களைப் பத்தி மட்டுமே ஒரு நீண்ட பாட்டு எழுதியிருக்கார். அதுல மான்தோவை வசந்த காலத்துக்கு ஏத்த பண்டமா சொல்றார். தலைக் கதையும் இல்லை, காட்டுமிராண்டியைக் குறிக்கிற எழுத்தும் இல்லை. பேரோட மூலம் மறந்துபோனதுக்கு அப்புறம், சத்தத்தை வெச்சுப் பின்னால கட்டின கதை இதுன்னுதான் தோணுது.

அதே பாட்டுல ஷூ ஷி இன்னொண்ணும் சொல்றார். இந்தப் பண்டங்கள்ல சிலதோட பேர் தெருவுலயும் கிராமத்துலயும் பிறந்தது, சிலதோட செய்முறை அந்நிய மக்கள்கிட்ட இருந்து வந்ததுங்கிற மாதிரி. 1,700 வருஷத்துக்கு முன்னாடியே அந்த மனுஷனுக்கு இது ஒரு ஊரோட சொத்து இல்லைன்னு தெரிஞ்சிருக்கு. இன்னைக்கும் சில ஆய்வாளர்கள், மான்தோங்கிற சொல்லே துருக்கிய மொழி பேசினவங்ககிட்ட இருந்து சீனாவுக்குள்ளே வந்திருக்கலாம்னு வாதாடுறாங்க. முடிவாகாத வழக்கு அது.

அது எப்படிப் பரவுச்சுங்கிறதுக்குக் கொஞ்சம் நல்ல தடயம் இருக்கு. 13-ஆம் நூற்றாண்டுல மங்கோலியர்கள் கொரியாவுல இருந்து பாரசீகம் வரைக்கும் ஒரே வலைக்குள்ளே கொண்டுவந்தாங்க. சீனர், துருக்கியர், பாரசீகர், கொரியர்னு அத்தனை பேரும் அவங்க அரசவையில இருந்தாங்க. 1330-ல ஹூ சிஹுயிங்கிற அரண்மனை உணவு மருத்துவர் பேரரசருக்கு ஒரு நூலைச் சமர்ப்பிச்சார். அதுல மான்தோ செய்முறைகள் இருக்கு. ஆட்டுக்கறி, ஆட்டுக்கொழுப்பு, வெங்காயம், காய்ஞ்ச ஆரஞ்சுத் தோல் எல்லாம் சேர்த்த பூரணம். ஒண்ணுல மாவே இல்லை. கத்தரிக்காயைக் குடைஞ்சு கறியை அடைச்சு, அதையும் மான்தோன்னே சொல்றார்! அந்தச் சமையல்காரங்களுக்கு மான்தோன்னா 'உள்ளே ஒண்ணை வெச்சது'. மாவு ரெண்டாவதுதான்.

இந்த அர்த்தத்தோடதான் பேர் ரெண்டு திசையிலயும் பயணம் போகுது. கிழக்கே கொரியாவுல, 13-ஆம் நூற்றாண்டுக் கடைசியில சுங்ன்யோல் மன்னர் காலத்துப் பாட்டு ஒண்ணு இருக்கு, பேர் 'சங்ஹ்வாஜோம்'. 'சங்ஹ்வா'ங்கிறது பூரணம் வெச்ச ஒரு பன். அந்தக் கடைக்கு வர்ற ஒரு பொண்ணோட கையைக் கடைக்காரர் பிடிச்சுடறார்ங்கிறது பாட்டோட விஷயம். அந்தக் கடைக்காரர் கொரியர் இல்லை, மேற்கே இருந்து வந்த ஒரு முஸ்லிம். கொஞ்சம் விவகாரமான பாட்டுதான். ஆனா, யார் கையால இந்தப் பண்டம் அங்கே வித்துச்சுங்கிறதுக்கு அருமையான சாட்சி.

மேற்கே, 15-ஆம் நூற்றாண்டு ஒட்டோமன் சமையல் நூல்ல ஷிர்வானி எழுதின மான்டி இருக்கு. ஆட்டுக்கறியும் நசுக்கின கொண்டைக்கடலையும் பூரணம், வாசத்துக்குப் பட்டை, மேல பூண்டு போட்ட தயிர். இன்னைக்கு துருக்கியில கைசெரி ஊர் மான்டிக்குத்தான் பெரிய பேர். ஒரு ஸ்பூன்ல 40 நிக்கணும்னு அங்கே சொல்வாங்க, அவ்வளவு குட்டி. மத்திய ஆசியாவுல அதே பேர்ல செய்றது உள்ளங்கை அளவு இருக்கும். தயிர் மட்டும் துருக்கியிலயும் ஆப்கானிஸ்தான்லயும் கூடவே இருக்கு.

ஜப்பானுக்குப் போனது வேற வழி. 14-ஆம் நூற்றாண்டு நடுவுல, ஒரு ஜென் துறவியோட சீனாவுல இருந்து நாரா நகரத்துக்கு வந்தவர் லின் ஜிங்யின். துறவிகள் கறி சாப்பிட மாட்டாங்க. அதனால கறியை எடுத்துட்டு, சிவப்புப் பயறை இனிப்பா மசிச்சு வெச்சார்னு அவங்க மரபு சொல்லுது. நாராவுல அவருக்கு ஒரு கோயிலே இருக்கு, ஒவ்வொரு ஏப்ரலும் மன்ஜூ படையல் போட்டுத் திருவிழா நடக்கும்.

பேர் ஒட்டிக்கிட்டு நிக்க, உள்ளே இருக்கிறது மட்டும் மாறும்ங்கிறதுக்கு இந்தோனேசியாவோட 'பக்பாவ்' இன்னும் நல்ல உதாரணம். ஹொக்கியன் சீனத்துல 'பக்'னா கறி, வழக்கமா பன்றிக்கறி. முஸ்லிம்கள் பெரும்பான்மையா இருக்கிற அந்த நாட்டுல பக்பாவுக்குள்ளே பாசிப்பயறு வெச்சு விக்கறாங்க, சாக்லேட்டும் வெக்கறாங்க. ஃபைல் பேர் பழசு, உள்ளே இருக்கிற டேட்டா புதுசு.

இப்போ நம்ம ஊர்த் தெருமுனைக்கு வருவோம். மோமோ.

வடமேற்குச் சீனாவுல 'மோமோ'ன்னா இன்னைக்கும் பூரணம் இல்லாத ரொட்டி, பன். அந்தச் சொல்தான் திபெத்துக்குப் போயிருக்கும்னு பரவலா சொல்றாங்க. அப்படின்னா, பெய்ஜிங் மான்தோவுக்கு நேர்த் தலைகீழா, வெறும் பன்னோட பேர் இங்கே பூரணம் வெச்சதுக்கு வந்திருக்கு. வெறும் பன்னுக்குத் திபெத்தியர்கள் 'திங்மோ'ன்னு தனிப் பேர் வெச்சிருக்காங்க. லாசாவுக்கும் காத்மாண்டுவுக்கும் வியாபாரம் பண்ணின நேவார் மக்கள் வழியா மோமோ நேபாளத்துல வேரூன்றுச்சு, யாக் கறி போய் எருமைக்கறி வந்துச்சு.

1959-ல தலாய் லாமா இந்தியாவுக்கு வந்தார். பின்னாலேயே பல பத்தாயிரம் திபெத்தியர்கள் வந்தாங்க. தர்மசாலா, டார்ஜிலிங், டெல்லியோட மஜ்னு கா டில்லா, கர்நாடகாவுல பைலகுப்பேன்னு குடியேறினாங்க. நிலம், வீடு, கோயில் எல்லாம் அந்தப் பக்கம் நின்னுபோச்சு. சமையல் கூட வந்துச்சு, பல குடும்பங்களுக்கு அதுவே பிழைப்பாச்சு. முட்டைக்கோஸ், கோழி, பனீர்னு பூரணம் மாறுச்சு. கடைசியில தந்தூரி அடுப்புக்குள்ளேயும் போச்சு.

இந்த இடத்துலதான் அந்த ஜுகே லியாங் கதை எனக்கு உறுத்துது. 'மான்'ங்கிற வசைச்சொல்லைச் சாப்பாட்டு மேல ஏத்தினது அந்தக் கதை. நாம அதைத் தலைகீழாப் பண்றோம், சாப்பாட்டுப் பேரை மனுஷங்க மேல வசையா ஏத்தறோம். டெல்லியிலயும் பெங்களூர்லயும் சென்னையிலயும் வடகிழக்கு மாநிலங்கள்ல இருந்து வந்தவங்களைப் பார்த்து 'ஏய் மோமோ'ன்னு கூப்பிடறது நடக்குது. இதை விளையாட்டுன்னு ஒதுக்க முடியாது. 2014 ஜனவரியில நிடோ தானியாங்கிற அருணாசலப் பிரதேச மாணவரை டெல்லியில கேலி பண்ண ஆரம்பிச்சு, அடிச்சு, அவர் இறந்தே போனார். அதுக்குப் பிறகு மத்திய அரசு அமைச்ச பெஸ்பரூவா குழு, இனத்தைச் சொல்லி இழிவா பேசறதைத் தனிக் குற்றமாக்கச் சட்டம் வேணும்னு பரிந்துரை செஞ்சுது.

இதுல இன்னொரு அபத்தமும் இருக்கு. சிக்கிம், டார்ஜிலிங் பக்கத்துல மோமோ வீட்டுச் சாப்பாடு. ஆனா மணிப்பூர்லயோ மிசோரம்லயோ அது பாரம்பரிய உணவு கிடையாது. நம்ம ஊருக்கு வந்த மாதிரி அங்கேயும் பின்னால வந்து சேர்ந்த கடைச் சாப்பாடுதான். அவங்களை அந்தப் பேர் சொல்லிக் கூப்பிடறவருக்கு அந்த மனுஷங்களையும் தெரியாது, மோமோவையும் தெரியாது.

'மோமோ யாரோடது, மான்தோ யாரோடது'ன்னு இணையத்துல சண்டை ஓடிக்கிட்டே இருக்கு. பேர் ஒரு வழியில வந்திருக்கு, பூரணம் இன்னொரு வழியில, வேக வைக்கிற முறை மூணாவது வழியில. இதுல எதை வெச்சுப் பட்டா எழுதறது? சாப்பிடறதுக்கு அந்தப் பட்டா தேவையும் இல்லை. அந்தப் பேரைத் தட்டுல இருக்கிறதுக்கு மட்டும் வெச்சுக்கிட்டா போதும். கடையில நிக்கறவருக்குன்னு அவங்க வீட்டுல வெச்ச பேர் ஒண்ணு இருக்கும். கேட்டா சொல்வாங்க.

இன்னைக்கு இவ்வளவுதான்.