கதைகளில் பிறந்த ரோபோக்கள்

1921 ஜனவரியில் பிராக் நகரில் கரேல் சாபெக்கின் 'ஆர்.யூ.ஆர்.' நாடகம் மேடையேறியது. அதன் ரோபோக்கள் இரும்பால் ஆனவை அல்ல. தொட்டியில் பிசைந்த செயற்கைச் சதையால் ஆனவை. உழைப்பதற்கென்றே படைக்கப்பட்ட அவை, கடைசியில் மனித குலத்தையே அழிக்கின்றன.

அந்த அச்சத்துக்கு எழுத்தாளர் ஐசக் அசிமோவ் கடிவாளம் போட்டார். ரோபோக்களுக்கு அவர் வகுத்த மூன்று விதிகள் (மனிதரைக் காப்பது, கட்டளைக்குப் பணிவது, தன்னைக் காப்பது) 1942இல் 'ரன்அரவுண்ட்' சிறுகதையில் வெளிவந்தன. அந்தக் கதையில், புதன் கோளில் செலினியம் எடுக்கப் போன ஸ்பீடி என்ற ரோபோ, கட்டளைக்கும் தற்காப்புக்கும் நடுவே சிக்கி, செலினியக் குளத்தைச் சுற்றிச் சுற்றி வருகிறது. ஒரு மனித உயிருக்கு ஆபத்து என்றதும்தான் மீள்கிறது.

தமிழுக்கு ஜீனோ என்ற இயந்திர நாயைத் தந்தவர் எழுத்தாளர் சுஜாதா. பாரத் எலெக்ட்ரானிக்ஸில் பணியாற்றிய பொறியாளர் அவர். ஜீனோ வரும் 'என் இனிய இயந்திரா' நாவல் ஆனந்த விகடனில் தொடராக வந்தது. 'மீண்டும் ஜீனோ' அதன் தொடர்ச்சி. புத்தகம் படித்து, யோசித்துப் பேசும் ஜீனோ இன்றும் பழசாகவில்லை.